சிறைக்கோட்டமும் அறக்கோட்டமும்

மணிமேகலை பற்றி நம்மிடையே நிகழ்ந்துள்ள ஆய்வுகள் பெரும்பாலும் மூன்று துறைகளுள் அடங்கிவிடுகின்றன. அக்காப்பியத்தின் பௌத்த தருக்கத்தை ஆராய்ந்தோர் ஒருசாரார். அதன் காலத்தையும் சிலப்பதிகாரத்தோடு அதற்குள்ள தொடர்பையும் ஆராய்ந்தோர் பிறிதொரு சாரார். பசிப்பிணி நீக்கும் அறத்தை அதன் சாரமாகக் கண்டு போற்றியோர் மூன்றாஞ் சாரார். இம்மூவகை ஆய்வுகளிலும் உரிய இடம் பெறாத பாத்திரம் ஒன்றுண்டு. அமுதசுரபியை முதலிற் கையேந்திய ஆபுத்திரனே அவன். அவனை அட்சய பாத்திரத்தின் முன்னாள் உரிமையாளன் என்ற அளவிலேயே நாம் நினைவு கூர்கின்றோம். அவன் ஒரு வளர்ப்புப் பிள்ளை என்பதையும், திருடன் என்று பெயர் சூட்டி வளர்த்த வீட்டிலிருந்தே துரத்தப்பட்டவன் என்பதையும் நாம் ஊன்றி நோக்கியதில்லை.

சாத்தனார் கூறும் வரலாற்றைச் சுருக்கமாக நினைவுபடுத்திக்கொள்ளல் வேண்டும். வாரணாசியிலிருந்து குமரிக்கு நீராட வந்த சாலி என்பாள் வழியில் ஈன்ற மகவைத் தோட்டமொன்றில் விட்டுச் செல்கின்றாள். ஏழு நாள் வரையில் ஆவொன்று அதற்குப் பால் சுரந்து காக்கின்றது. பின்னர் இளம்பூதி என்னும் அந்தணன் அக்குழந்தையை எடுத்துத் தன் மகனாகவே வளர்த்து வேதமும் ஓதுவிக்கின்றான். வளர்ந்த சிறுவன் வேள்விச்சாலையிற் பலிக்கெனக் கட்டப்பட்டு அஞ்சி நிற்கும் ஆவைக் காண்கின்றான். நள்ளிருளில் அதனை அவிழ்த்துக்கொண்டு போகின்றான். பிடிபட்டு அடியுண்ட அவன் தன் செயலின் நியாயத்தைக் கூறும்போது, கூட்டத்தில் ஒருவன் அவனது பிறப்பை அம்பலப்படுத்துகின்றான். அதுவரை மகனாயிருந்தவன் அக்கணமே தீண்டத்தகாதவனாகின்றான். இளம்பூதியும் அவனைக் கைவிடுகின்றான். ஊரார் அவனை ஆவைக் கவர்ந்த கள்வன் என்று கூறி, அவனது பிச்சைக் கலத்திற் கல்லை இடுகின்றனர்.

இவ்வரலாற்றின் அமைப்பில் மூன்று படிகளைக் காணலாம். வீடற்ற பிள்ளை ஒரு வீட்டில் ஏற்கப்படுகின்றது. ஒரு குற்றச்சாட்டு எழுகின்றது. குற்றச்சாட்டு எழுந்த மாத்திரத்தே பிள்ளையின் பிறப்பு நினைவுகூரப்பட்டு, ஏற்பு இரத்தாகின்றது. இளம்பூதியின் வயிற்றிற் பிறந்த மகன் அதே ஆவை அவிழ்த்திருந்தால் அதனைச் சிறுபிள்ளைத்தனம் என்று கூறித் தந்தை கண்டித்திருப்பான், ஊர் மறந்திருக்கும். வளர்ப்பு மகன் செய்தமையாலேயே அது களவாயிற்று. செயல் ஒன்றே, செய்தவனுக்குப் பின்னால் நிற்க ஆளுண்டா என்பதைப் பொறுத்தே அதன் பெயர் மாறுகின்றது. இவ்வுண்மையே இக்கட்டுரையின் கருப்பொருள். இதனை இன்றைய வாழ்விற் பொருத்திப் பார்ப்பதற்கு நெடுந்தூரம் செல்ல வேண்டியதில்லை. ஊவா மாகாணத்துத் தோட்டப்புறம் போதும்.

பதுளை மாவட்டத்தின் தென்மேற்கு விளிம்பில், கொழும்பிலிருந்து மட்டக்களப்பு செல்லும் நெடுஞ்சாலையில், பலாங்கொடைக்கும் பெரகலைக்கும் இடையே மலைச்சரிவில் ஒட்டிக் கிடப்பது ஹல்துமுல்லை. அதன் பிரதேச எல்லைக்குள் அடங்கும் கொஸ்லந்தைப் பகுதியின் மீரியபெத்தைத் தோட்டம் 2014 ஒக்டோபர் 29ஆந் திகதி காலையில் மண்சரிவில் மூழ்கியமை நாடறிந்த செய்தி. அவ்விடம் ஆபத்தானது என்ற எச்சரிக்கை 2005இலும் 2011இலும் விடுக்கப்பட்டிருந்தது. பாடசாலைக்குப் புறப்பட்டுப் போயிருந்த பிள்ளைகள் சிலர் உயிர் தப்பினர். அவர்கள் திரும்பி வந்தபோது லயமும் இல்லை, பெற்றாரும் இல்லை. எஞ்சிய குடும்பங்கள் புதிய வீடுகளைப் பெறும்வரை ஈராண்டளவு தற்காலிக இருப்பிடங்களிற் காலங் கழித்தன. அந்நாட்களில் இப்பிள்ளைகளை யார் வளர்ப்பது என்ற வினா நாட்டின் முன் வெளிப்படையாக நின்றது.

ஒரே காலையில் வீடிழந்த பிள்ளையை நாடு கண்டது. சிறிது சிறிதாக வீடிழக்கும் பிள்ளையைக் காண்பது அத்துணை எளிதன்று. தாய் மத்திய கிழக்கு நாடொன்றுக்குப் பணிப்பெண்ணாகச் செல்கின்றாள். தந்தை கடனிலும் குடியிலும் அமிழ்கின்றான். பாட்டி பிள்ளையைச் சில காலம் பார்த்துக்கொள்கின்றாள். பின்னர் அவளும் தளர்கின்றாள். தோட்டத்துப் பிள்ளைக்காம்பிரா கைக்குழந்தைகளுக்கே உரியது. பத்து வயதுப் பையனுக்கு அங்கு இடமில்லை. இந்நிலையில் நகரத்திலிருந்து ஒருவர் வருகின்றார். “பிள்ளையை எங்கள் வீட்டுப் பிள்ளைபோலவே வளர்ப்போம், படிக்கவும் வைப்போம்” என்கின்றார். 1973, 1974 ஆகிய பஞ்ச ஆண்டுகளிலே தோட்டங்கள் பட்டினியில் வாடிய வேளையிற் பிள்ளைகள் இவ்வாறே இறங்கிப் போயினர். 2021 யூலையில் டயகமத் தோட்டத்துச் சிறுமியொருத்தி தான் வேலை செய்த கொழும்பு வீட்டிலே தீக்காயமுற்று மருத்துவமனையில் இறந்தபோது, அவ்வழக்கம் ஒழிந்துவிடவில்லை என்பதை நாடு மீண்டும் உணர்ந்தது. வேலைக்கமர்த்தக்கூடிய குறைந்த வயதை 14இலிருந்து 16ஆக உயர்த்திய சட்டத் திருத்தம் நிறைவேறியதும் அதே ஆண்டிலேதான்.

‘வளர்ப்பு’ என்னும் சொல் இங்கு செய்யும் பணி விமர்சகனின் கவனத்துக்குரியது. அகத்திணை மரபிலே செவிலிக்கு நற்றாய்க்கு நிகரான தகைமை உண்டு. அம்மரபின் மதிப்பு முழுவதையும் இரவல் வாங்கிக்கொண்டே இச்சொல் வீட்டு வேலைக்குத் திரையாகின்றது. இதனை நம் நாட்டுச் சட்டமும் அறியாதிருக்கவில்லை. 1941ஆம் ஆண்டின் மகவேற்புக் கட்டளைச் சட்டம் மகவேற்பை மட்டுமன்றிப் பிறர் பிள்ளையைத் தம் பொறுப்பில் வைத்திருப்போர் பாதுகாவலராகப் பதிந்துகொள்வதையும் கருத்திற்கொண்டு இயற்றப்பட்டது. பதிவு என்பது ஒரு கண்காணிப்பு. கண்காணிப்பில்லாத வளர்ப்பு எதுவாக மாறக்கூடும் என்பதை அன்றே உணர்ந்திருந்தனர் என்பதற்கு அதுவே சான்று. ஆயினும், தோட்டத்திலிருந்து இறங்கிப் போன பிள்ளைகளுள் எத்தனை பேரின் பெயர் அத்தகைய பதிவேடொன்றில் ஏறியிருக்கும்? பிறப்புச் சான்றிதழே இல்லாத பிள்ளைகள் பலர் இருந்த ஒரு சமூகத்திலே, 1948ஆம், 1949ஆம் ஆண்டுச் சட்டங்களாற் குடியுரிமை இழந்து 2003ஆம் ஆண்டுச் சட்டம் வரையில் அதனைத் தவணை தவணையாகப் பெற்ற ஒரு சமூகத்திலே, இவ்வினாவுக்கு விடை காண்பது கடினமன்று.

இனி, அவ்வீட்டிலிருந்து பிள்ளை ஓடிவிடுகின்றது என்று கொள்வோம். ஓடும் பிள்ளையை வழியிலே பிடிப்பவர் பொலிசார். அழைத்துச் செல்லப்படும் இடம் நீதிமன்று. இங்கேதான் நாம் 1939ஆம் ஆண்டின் சிறுவர், இளம் ஆட்கள் கட்டளைச் சட்டத்தை ஓர் இலக்கியப் பனுவலைப் படிப்பதுபோற் படித்தல் வேண்டும். 1933ஆம் ஆண்டின் ஆங்கிலச் சட்டத்தைத் தழுவிய அது இருவகைப் பிள்ளைகளைப் பற்றிப் பேசுகின்றது. குற்றம் செய்த பிள்ளை ஒருவகை; பராமரிப்போ பாதுகாப்போ தேவைப்படும் பிள்ளை மற்றொரு வகை. பெற்றாரில்லாதது, தகுதியற்ற பெற்றாரை உடையது, தீய சேர்க்கைக்கோ ஒழுக்க ஆபத்துக்கோ உள்ளானது ஆகியன இரண்டாம் வகையின. கருத்தளவில் இவ்வேறுபாடு தெளிவானதே. ஆயின், நீதிமன்று விதிக்கக்கூடிய கட்டளைகளைப் பார்க்குமிடத்து அவ்வேறுபாடு மங்கிவிடுகின்றது. தகுந்த ஆளொருவரின் பொறுப்பில் ஒப்படைத்தல், நன்னடத்தை அலுவலரின் மேற்பார்வையில் விடுதல் ஆகியவற்றோடு, சான்றுபெற்ற பாடசாலைக்கு அனுப்புதலும் பாதுகாப்புத் தேவைப்படும் பிள்ளைக்குரிய கட்டளைகளுள் ஒன்றாக வைக்கப்பட்டது. குற்றம் செய்த பிள்ளைக்குரியதும் அதே சான்றுபெற்ற பாடசாலையே. வாயில்கள் இரண்டு, வீடு ஒன்று.

சட்டத்திற் காணப்படும் இம்மயக்கம் நிறுவனங்களின் பெயரிலும் பதிந்துள்ளது. நன்னடத்தைச் சேவை நம் நாட்டிற் சிறைச்சாலை நிருவாகத்தோடு இணைந்தே தோன்றியது. 1956இல் அமைந்த தனித் திணைக்களம் ‘நன்னடத்தை, சிறுவர் பராமரிப்புச் சேவைகள்’ என்னும் பெயரைப் பெற்றது. குற்றவாளியின் ஒழுக்கமும் அநாதையின் சோறும் ஒரே பெயர்ப்பலகையின் கீழ் வந்தன. இதனைத் தீய நோக்கமென்று கூறுதல் தவறு. இளங்குற்றவாளியையும் பிள்ளையாகவே கருத வேண்டும் என்னும் மனிதநேயமே அதன் ஊற்று. ஆனால் அதன் மறுபக்கமும் உண்டு. குற்றவாளியைப் பிள்ளையாகக் காண முற்பட்ட ஏற்பாடு, பிள்ளையைக் குற்றவாளியாகக் காணவும் இடமளித்தது.

பதுளை மாவட்டத்தின் நிலவியலே இதற்கு ஓர் உவமையாக அமைகின்றது. சிறுவர் இல்லங்கள் இங்குண்டு. வெலிமடைக்கு அண்மையிற் கெப்பெட்டிப்பொலையிற் சான்றுபெற்ற பாடசாலை உண்டு. தல்தெனையில் இளங் குற்றவாளிகளுக்கான சீர்திருத்த நிலையம் உண்டு. பதுளை நகரிற் சிறைச்சாலை உண்டு. ஹல்துமுல்லையிற் பிறந்த ஒரு பையன் தன் மாவட்ட எல்லையைத் தாண்டாமலே இந்நான்கு படிகளையும் கடந்துவிடலாம். ஒவ்வொரு படியிலும் அவனது கோப்பு தடிக்கின்றது. ஒவ்வொரு படியிலும் முந்தைய படி அவனுக்கு எதிரான சான்றாகின்றது. “முன்னரே இல்லத்திலிருந்து ஓடியவன்” என்ற குறிப்பு, எதிலிருந்து ஓடினான் என்ற வினாவை மறைத்துவிடுகின்றது. அதனை எழுதும் மொழியும் கேட்கும் மொழியும் அவனது தாய்மொழியாக அமைவது அரிது.

இக்கட்டுரையாளரின் ஆரம்ப வகுப்புத் தோழன் ஒருவனின் கதையை இங்கு குறிப்பிடுதல் பொருந்தும். கணக்கில் எங்கள் எல்லோரையும் விஞ்சியவன் அவன். ஐந்தாம் வகுப்பு முடியுமுன்னே அவனை ஒரு நகரத்து வீட்டுக்கு ‘வளர்க்க’ அனுப்பினர். ஓராண்டின் பின் அவ்வீட்டிலிருந்து ஓடிவந்தான். ஒரு கைக்கடிகாரம் காணாமற் போனதாக முறைப்பாடு வந்தது. கடிகாரம் பின்னர் அவ்வீட்டிலேயே அகப்பட்டது என்று அவனுடைய பாட்டி சொல்லக் கேட்டிருக்கின்றேன். ஆயின் அதற்குள் அவன் வேறோரிடத்திற் சேர்க்கப்பட்டுவிட்டான். பாட்டியால் ஒருமுறைதான் பஸ் ஏறிச் சென்று பார்க்க முடிந்தது. போய்வரும் செலவு அவளது பல நாட் கூலி. பதினாறு நிறைந்து வெளியே வந்தவனைப் பேரகப் பக்கத்துக் கடையொன்றிற் கண்டேன். “தோட்டத்துக்கு வரலியா?” என்று கேட்டேன். “யாரு இருக்கா அங்க?” என்றான். பாட்டி இறந்து இரண்டு ஆண்டுகள் ஆகியிருந்தன. பின்னர் அவன் உண்மையாகவே ஒரு களவு வழக்கிற் சிறை சென்றான். அக்களவை நான் நியாயப்படுத்தவில்லை. எனினும் அவனது முதற் களவு அவன் செய்யாத களவு என்பதை மறக்கவும் இயலவில்லை.

இது தனியொரு கதையன்று என்பதைப் பிற நாட்டாய்வுகள் காட்டுகின்றன. இங்கிலாந்திலும் வேல்சிலும் அரச பராமரிப்பிலுள்ள பிள்ளைகள் அனைத்துப் பிள்ளைகளுள் நூற்றுக்கு ஒருவரிலும் குறைந்தோரே. எனினும் தடுப்புக்காவலிலிருந்த பிள்ளைகளுட் பாதியளவினர் பராமரிப்பில் இருந்து வந்தவர்கள் என 2016இல் லாமிங் பிரபுவின் தலைமையில் வெளிவந்த மீளாய்வு எடுத்துக்காட்டியது. இல்லங்களில் நிகழும் சிறு சச்சரவுக்கும் பொலிசாரை அழைக்கும் வழக்கத்தை அது கண்டித்தது. தாய் தந்தையர் வீட்டில் உடையும் தட்டு, தட்டு மட்டுமே. இல்லத்தில் உடையும் தட்டு வழக்காகின்றது. ஐக்கிய அமெரிக்காவின் இல்லினோய் மாநிலத்தை ஆராய்ந்த ஜோசப் டொயில் 2008இல் வெளியிட்ட முடிவு இன்னுங் கடுமையானது. வீட்டிலேயே விடுவதா பிரித்தெடுப்பதா என்று அதிகாரிகளே கருத்து வேறுபடக்கூடிய வழக்குகளில், வளர்ப்பு இல்லத்துக்கு அனுப்பப்பட்டோர் பிற்காலத்திற் கைதாகித் தண்டனையுற்றுச் சிறை செல்லும் வீதம் மற்றையோரிலும் இரண்டு முதல் மூன்று மடங்காயிருந்தது.

எனினும், இதற்கு மாறான சான்றை மறைப்பது விமர்சன நேர்மையன்று. மிச்சிகன் மாநிலத்தை ஆராய்ந்த ஜேசன் பாரன், மாக்ஸ் குரோஸ் ஆகியோர், அங்கு வளர்ப்பு இல்லத்துக்குச் சென்ற பிள்ளைகள் பிற்காலத்திற் குற்றவழக்குகளிற் சிக்குவது குறைந்தமையைக் கண்டனர். இரு முடிவுகளும் எங்ஙனம் மெய்யாக முடியும்? மிச்சிகனிற் பெரும்பாலான பிள்ளைகள் ஓரிரண்டு ஆண்டுகளில் தம் பெற்றாரிடமே திரும்பினர்; அவ்விடைக்காலத்திற் பெற்றார் தம்மைத் திருத்திக்கொள்ள வாய்ப்பும் உதவியும் பெற்றனர். பிள்ளையைப் பிரித்தது மட்டும் பலன் தரவில்லை. திரும்புவதற்கு ஒரு வீட்டைச் செப்பனிட்டு வைத்ததே பலன் தந்தது எனலாம். ஆகவே நம் கண்டனம் வளர்ப்பின் மீதன்று. திரும்பும் வழியில்லாத வளர்ப்பின் மீது. சிறுவர் இல்லங்களில் அன்போடு பிள்ளை வளர்த்துப் பட்டதாரிகளாக்கிய பெரியோர் நம்மிடையே உண்டு. அவர்களை இவ்விமர்சனம் தொடாது. கொடுமையான வீட்டிலிருந்து பிள்ளையை மீட்பதும் கடமையே. ஆனால் இலங்கையின் இல்லங்களில் வாழ்ந்த பிள்ளைகளுட் பெரும்பான்மையோருக்குத் தாய் தந்தையருள் ஒருவரேனும் உயிரோடிருந்தனர் என்பதைக் கணக்கெடுப்புகள் மீண்டும் மீண்டும் காட்டியுள்ளன. அவர்களைப் பிரித்தது மரணமன்று, வறுமை. பாட்டிக்குப் பஸ் கட்டணமும் தாய்க்கு ஊரிலேயே ஒரு தொழிலும் கிடைத்திருந்தால் அவர்களுட் பலருக்கு இல்லமே வேண்டியிராது.

சீர்திருத்தங்கள் நிகழவில்லை என்று கூறுவதற்கில்லை. சிறுவர் உரிமைச் சமவாயத்தை இலங்கை 1991இல் ஏற்றது. 1998இல் தேசிய சிறுவர் பாதுகாப்பு அதிகாரசபைக்கான சட்டம் வந்தது. 1883ஆம் ஆண்டுத் தண்டனைச் சட்டக்கோவை 8 வயதில் வைத்திருந்த குற்றப்பொறுப்பின் எல்லையை 2018ஆம் ஆண்டுத் திருத்தம் 12ஆக உயர்த்தியது. நிறுவன வாழ்வைக் கடைசிப் புகலிடமாக்கி, உறவினர் பராமரிப்பை முற்படுத்தும் மாற்றுப் பராமரிப்புக் கொள்கை 2019இல் உருவாயிற்று. இவை வரவேற்கத்தக்கன. எனினும் கொள்கை கொழும்பிற் பிறக்கின்றது. பிள்ளை லயத்தில் வாழ்கின்றது. இடையிலுள்ள தூரத்தைக் கடக்க வேண்டிய நன்னடத்தை அலுவலர் தமிழ் அறிந்தவராகவும், மலையேறிச் செல்ல நேரமுடையவராகவும் இருந்தாலன்றிக் கொள்கை காகிதமே.

இனி நம் பக்கம் திரும்புவோம். மலையக இலக்கியம் பற்றிய விமர்சனம் உழைப்பையும் குடியுரிமையையும் நன்கு பேசியுள்ளது. பதுளை மண்ணின் மைந்தரும் 2022இல் மறைந்தவருமான தெளிவத்தை ஜோசப் முதலானோரின் படைப்புகளை அந்நோக்கில் நாம் மதிப்பிட்டுள்ளோம். லயத்தைச் சிறையாகக் காணும் உருவகம் தி. ஞானசேகரனின் ‘லயத்துச் சிறைகள்’ என்னும் நாவலின் தலைப்பாகவே அமைந்தது. அவ்வுருவகத்தின் வன்மையை மறுப்பதற்கில்லை. ஆனால் லயத்திலிருந்து இறங்கிப் போன பிள்ளைக்குச் சிறை உருவகமன்று, இலக்கமிட்ட அறை. அப்பிள்ளையின் கதையை நமது விமர்சனம் தனியொரு பொருளாக எடுத்துக்கொள்ளாமைக்கு ஒரு காரணத்தை ஊகிக்கலாம். அப்பிள்ளை இறங்கிச் சென்றது துரை பங்களாவுக்கு மட்டுமன்று. ஆசிரியர் வீட்டுக்கும், எழுதுவினைஞர் வீட்டுக்கும், வணிகர் வீட்டுக்கும், ஏன், பேராசிரியர் வீட்டுக்குந்தான். துரையைக் கண்டிக்கும் பேனாவுக்குத் தேநீர் கொண்டுவந்து வைத்த கை யாருடையது என்று நாம் கேட்டோமில்லை. தமிழர் வீட்டில் தமிழ்ப் பிள்ளை தரையிற் படுத்துறங்கியதை இனப்பிரச்சினை என்னும் அடைப்புக்குள் எழுதிவிட இயலாது.

மணிமேகலைக்கு மீள்வோம். கலத்திற் கல்லிட்டுத் துரத்தப்பட்ட ஆபுத்திரன் தென்மதுரையிற் சிந்தாதேவியின் கோயிலில் தங்கி, இரந்து பெற்றதைக் குருடர்க்கும் செவிடர்க்கும் ஊட்டி, எஞ்சியதை உண்டு வாழ்கின்றான். அமுதசுரபி அவனிடம் வருவது அங்கேதான். அப்பாத்திரம் பிற்காலத்தில் மணிமேகலையின் கையிற் சேர்ந்து செய்த பெருஞ்செயல் எது? புகார்ச் சிறையிற் பசித்துக் கிடந்தோர்க்கு அவள் சோறிடுகின்றாள். வியந்த மன்னன் வேண்டுவது யாதென வினவச் சிறைக்கோட்டத்தை அறக்கோட்டமாக்குமாறு கேட்கின்றாள். பத்தொன்பதாம் காதையின் பெயரே அச்செயலாற் பெற்றது. திருடனென்று தள்ளப்பட்ட வளர்ப்புப் பிள்ளையின் பாத்திரம் சிறைக் கதவைத் திறக்கின்றது. இத்தொடர்பைச் சாத்தனார் தற்செயலாக அமைத்தார் என்று நான் கருதவில்லை.

அத்தோடு அவர் நிறுத்தவுமில்லை. சில காதைகளின் பின் மணிமேகலையே சிறைப்படுகின்றாள். மகனை இழந்த அரசி, அவளைச் சிறையிலிருந்து விடுவித்துத் தன் பொறுப்பில் ஏற்கின்றாள். வெளிக்குப் பரிவு, உள்ளே பழி. அவளுக்கு மயக்கமருந்து ஊட்டப்படுகின்றது. இளைஞன் ஒருவன் ஏவப்படுகின்றான். இருட்டறையில் அடைப்பும் நேர்கின்றது. அக்காதைக்குச் ‘சிறைவிடு காதை’ என்று பெயர். சிறையை விட்டபின் தொடங்கிய சிறை அது. பாதுகாப்பு என்னும் பெயரில் ஒருவரை ஏற்பவரை யார் கண்காணிப்பது என்ற வினா, 1941ஆம் ஆண்டுச் சட்டத்துக்குப் பல நூற்றாண்டுகள் முன்னரே தமிழில் எழுப்பப்பட்டுவிட்டது. ‘காவல்’ என்னும் நம் சொல்லே காப்பதையும் அடைப்பதையும் ஒருங்கே குறிக்கின்றது. ‘சிறை’ என்பதற்குப் பறவையின் சிறகு என்றும் ஒரு பொருளுண்டு. சொல் இரு பொருளையும் தாங்கும்; பிள்ளையின் வாழ்வு தாங்காது.

பல்கலைக்கழகத் தமிழ்ச் சங்கமொன்று இதிற் செய்யக்கூடியது என்ன என்று மாணவர் கேட்கலாம். சட்டபீடத்தார் நீதிமன்றிலே தமிழிற் பேச இயலாத பிள்ளைக்காகப் பேசலாம். சமூகவியல் மாணவர், இல்லத்திலிருந்து வெளியேறியோர் எங்கே போயினர் என்பதை எழுதி வைக்கலாம். ஊவாவிலிருந்து வரும் மாணவர் விடுமுறையில் ஊர் சென்று, பிறப்புச் சான்றிதழ் இல்லாத பிள்ளைகளின் விண்ணப்பங்களை நிரப்பிக் கொடுக்கலாம். இவை சிறு காரியங்களே. ஆனால் அவற்றுக்கெல்லாம் முன்னே செய்ய வேண்டியது ஒன்றுண்டு. நம் வீட்டு அடுக்களையில் நிற்கும் பிள்ளையின் பெயரையும் வயதையும் ஊரையும் நாம் கேட்டறிதல் வேண்டும். அது எந்த வகுப்பிற் படிப்பை விட்டது, வீட்டுக்குக் கடைசியாக எப்போது போயிற்று என்றும் கேட்டல் வேண்டும். விடை கூச்சந் தருவதாயின், அப்பிள்ளையைத் தோட்டத்துக்கும் பாடசாலைக்கும் திருப்பி அனுப்பும் வழியையும் நாமே தேடித் தருதல் வேண்டும்.